பூ பூக்குது, காய் நிக்கல: மகரந்தச் சேர்க்கைக்கென்று விற்பவற்றில் எது காசுக்குத் தகும்?

மாடித்தோட்டச் சாமான் விற்கும் கடையில் போய் “செடி நிறையப் பூக்குது, ஒரு காய் நிக்கல” என்று சொன்னால், கடைக்காரரின் கை முதலில் ஒரு சின்னக் குப்பியை எடுக்கும். பூ உதிர்வைத் தடுக்கும் மருந்து. இன்னும் கொஞ்சம் பேசினால் தூரிகை செட் வரும். அடுத்து, பேட்டரியில் அதிரும் ‘பாலினேட்டர்’. செலவுக்குத் தயங்காத ஆள் என்று தெரிந்துவிட்டால் கொசுத்தேனீப் பெட்டி, அதற்கும் மேலே இந்தியத் தேனீப் பெட்டி. ஐந்தையும் ஒரே குறைக்கு மருந்து போலத்தான் விற்கிறார்கள். ஆனால் தக்காளிக்கு உதவுகிற பொருள் சுரைக்கு உதவாது. சுரைக்கு உதவுவது டிராகன் பழத்துக்கும் உதவும், அவரைக்குத் தேவையே இல்லை. எதை வாங்குவது என்பதை நம் செடியின் பூதான் சொல்ல வேண்டும். அதனால் இந்த மதிப்பீட்டில் பொருளுக்கு முன்னால் பூவைப் பார்த்துவிடலாம்.

பூவின் நடுவில் இருக்கும் சூலகமுடியில் மகரந்தம் விழுந்தால், அந்தத் தூள் அங்கேயே முளைத்து நுண்ணிய குழாய் ஒன்றைக் கீழே சூலகத்துக்குள் விடுகிறது. குழாய் வழியாக இரண்டு ஆண் அணுக்கள் இறங்குகின்றன. ஒன்று முட்டையோடு சேர்ந்து கருவாகும். மற்றது சூலின் நடுவே இருக்கும் உட்கருக்களோடு சேர்ந்து, அந்தக் கருவுக்கு உணவாகும் திசுவை உண்டாக்கும். நாம் குடிக்கும் இளநீர் அந்த உணவுத் திசுதான், இன்னும் கெட்டிப்படாத நிலையில். இரட்டைக் கருவுறுதல் எனப்படும் இதை 1898இல் ரஷ்யத் தாவரவியலாளர் நவாஷின் கண்டு சொன்னார்.

தோட்டக்காரருக்கு இதில் வேண்டிய கணக்கு ஒன்றுதான்: ஒரு விதைக்கு ஒரு மகரந்தத் துகள். விதை உருவாகும் இடத்தில்தான் காயைப் பருக்கச் செய்யும் ஹார்மோன்கள் சுரக்கும். வெள்ளரியோ புடலையோ ஒரு முனை பருத்து மறுமுனை சூம்பி வளைந்து நின்றால், பல சமயம் பாதி விதைகளுக்கு மகரந்தம் எட்டவில்லை என்று பொருள். தண்ணீர்ப் பற்றாக்குறையாலும் இப்படி ஆகும். காயை நீளவாக்கில் வெட்டிப் பார்த்தால் தெரிந்துவிடும். சூம்பிய பக்கத்தில் விதைகள் வெறும் தோலாக இருக்கும்.

தூரிகை

ஸ்டேஷனரி கடையில் முப்பது நாற்பது ரூபாய்க்குக் கிடைக்கும் ஓவியத் தூரிகையையே ‘மகரந்தச் சேர்க்கைத் தூரிகை’ என்று பெயர் மாற்றி நாலைந்து மடங்கு விலைக்கு விற்கிறார்கள். வேறு வித்தியாசம் கிடையாது. 2 முதல் 4 எண் வரை உள்ள மென்மையான உருண்டைத் தூரிகை போதும். நைலான் நார் விறைப்பாக இருந்தால் சூலகமுடியைக் கீறிவிடும். அழகுசாதனக் கடையில் விற்கும் சின்ன ஐ-ஷேடோ பிரஷ் இதைவிட நன்றாகத் தூளைப் பிடிக்கும். காது குடையும் பஞ்சுக்குச்சியைப் பலர் பரிந்துரைக்கிறார்கள். பஞ்சு தூளை உள்ளே இழுத்துக்கொண்டு வெளியே தராது.

கொடிக்காய்களுக்குத்தான் இதை அதிகம் வாங்குகிறார்கள். வேடிக்கை என்னவென்றால், அவற்றில் பலவற்றுக்குத் தூரிகையே வேண்டாம். பூசணி, சுரை, பீர்க்கு, பாகல், புடலை எல்லாவற்றிலும் ஆண் பூ தனி, பெண் பூ தனி. பெண் பூவின் அடியில் காயின் குட்டி உருவம் இருக்கும்; ஆண் பூவின் கீழே வெறும் காம்பு. கொடி முதலில் ஆண் பூக்களாகத்தான் விடும். முதல் பத்துப் பதினைந்து நாள் எல்லாம் உதிர்ந்து போகிறதே என்று குப்பி வாங்க ஓட வேண்டாம், அவை உதிரத்தான் செய்யும்.

பெண் பூ விரிந்ததும் அன்றைக்கே விரிந்த ஓர் ஆண் பூவைக் காம்போடு பறித்து, இதழ்களைக் கிழித்துவிட்டு, நடுவில் நிற்கும் மஞ்சள் தண்டைப் பெண் பூவின் சூலகமுடியில் நேரடியாகத் தேய்த்தால் போதும். சூலகமுடி மூன்று மடலாக இருக்கும், மூன்றிலும் படவேண்டும். ஒரு மடலை விட்டுவிட்டால் காய் ஒரு பக்கம் ஒடுங்கும். பூசணியில் ஓர் ஆண் பூ இரண்டு மூன்று பெண் பூவுக்குத் தாராளமாகப் போதும். பாகல், வெள்ளரி போன்ற சின்னப் பூக்களில் பெண் பூ ஒன்றுக்கு ஆண் பூ இரண்டு எடுத்துக்கொள்வது நல்லது.

எல்லாரும் சறுக்குவது நேரத்தில். பூசணி விடியுமுன்னே விரியும். காலை 6 முதல் 8 மணிக்குள் தேய்த்துவிட வேண்டும், பத்து மணிக்குமேல் பூ வாடி மூடத் தொடங்கும். பாகலும் வெள்ளரியும் காலைப் பூக்கள். சுரைக்காயின் வெள்ளைப் பூ மாலை 5 மணிக்குமேல் விரியும், பீர்க்கும் மாலைதான். புடலை இன்னும் தாமதம், இருட்டிய பிறகு விளிம்பில் நூல்நூலாகத் தொங்கும் அந்தப் பூவை டார்ச் வெளிச்சத்தில்தான் பார்க்க முடியும். பீர்க்கின் நெருங்கிய சொந்தமான நுரைபீர்க்கு மட்டும் காலையில் விரிவது ஒரு விசித்திரம். காலை எட்டு மணிக்குத் தூரிகையோடு சுரைக்கொடிக்குப் போகிறவருக்குக் கிடைப்பது நேற்று இரவே வேலை முடிந்து சுருண்ட பூ.

தேய்த்த பூவின் காம்பில் ஒரு வண்ண நூல் கட்டி வையுங்கள். இரண்டு மூன்று நாளில் பிஞ்சு கண்ணுக்குத் தெரிய வளர்ந்து, தலை கீழே சாயும். வளராமல் நுனியிலிருந்து மஞ்சளடித்து வந்தால் சேர்க்கை நடக்கவில்லை. ஒரு குழப்பம் இங்கே உண்டு: பழ ஈ குத்தினாலும் பிஞ்சு மஞ்சளாகி விழும். அப்படியானால் தோலில் ஊசிமுனை அளவு துளையும் அதிலிருந்து பிசின் போலக் கசிவும் இருக்கும், வெட்டினால் உள்ளே புழு நெளியும். அதற்குத் தூரிகை என்ன செய்யும்? பழ ஈப் பொறிதான் வாங்க வேண்டும்.

தூரிகை உண்மையாகவே தன் விலையைத் திருப்பித் தருவது இரண்டு பழங்களில். முதலாவது டிராகன் பழம். பூ இரவு எட்டு ஒன்பது மணிக்கு விரிந்து மறுநாள் வெயில் ஏறும்போது தொங்கிவிடும். அதன் தாயகமான நடு அமெரிக்கப் பகுதியில் அந்துப்பூச்சியும் வௌவாலும் செய்கிற வேலையை இங்கே மாடியில் நாம்தான் செய்ய வேண்டும். வெள்ளைச் சதை ரகங்கள் பெரும்பாலும் தன் மகரந்தத்திலேயே காய்க்கும். சிவப்புச் சதை ரகங்களில் பலவற்றுக்கு வேறொரு ரகத்தின் மகரந்தம் வேண்டும், ஒரே செடியிலிருந்து குச்சி வெட்டி நட்ட பத்துத் தொட்டி இருந்தாலும் அவை ஒரே செடிதான் என்பதை விற்பவர்கள் சொல்வதில்லை. அரை அங்குல அகலத் தூரிகையால் தூளை ஒரு கிண்ணத்தில் தட்டிச் சேர்த்து, நட்சத்திரம் போல நீட்டிக்கொண்டிருக்கும் சூலகமுடியில் நன்றாகப் பூசுங்கள். இரவு 9 மணி முதல் விடிகாலை வரை செய்யலாம். மிஞ்சிய தூளை ஈரமில்லாத சின்ன டப்பாவில் மூடிக் குளிர்பெட்டியில் வைத்தால் அடுத்த சில நாளில் விரியும் பூவுக்கு ஆகும்.

இரண்டாவது சீத்தா. அதன் பூ முதலில் பெண்ணாக இருக்கும், பிறகுதான் மகரந்தம் உதிர்க்கும். அதனால் ஒரே பூ தனக்குத்தானே உதவிக்கொள்ள முடியாது. இயற்கையில் குட்டி வண்டுகள் ஒரு பூவிலிருந்து இன்னொன்றுக்குப் போய் இந்த இடைவெளியை நிரப்பும். மாடியில் அவை குறைவு. இதழ்கள் நன்றாக விரிந்து தூள் தளர்ந்த பூக்களிலிருந்து மகரந்தத்தைச் சேகரித்து வைத்துக்கொண்டு, இதழ் லேசாகப் பிரிந்து உள்ளே சூலகமுடிகள் ஈரமாகப் பளபளக்கும் பூவில் காலையில் தூரிகையை நுழைத்துச் சுற்ற வேண்டும். அரைகுறையாகச் சுற்றினால் பழம் கோணலாக வரும்: எந்தப் பக்கத்துச் சூலுக்குத் தூள் போகவில்லையோ அந்தப் பக்கத்துக் கண்கள் வளராது.

விதை எடுக்கிறவர்களுக்கு ஒரு வார்த்தை. ஒரே தூரிகையை இரண்டு நாட்டுச் சுரை ரகங்களுக்கு மாற்றி மாற்றி வைத்தால் ரகம் கலந்துவிடும். முதல் நாளே, விரியப்போகும் ஆண் பூ, பெண் பூ இரண்டின் வாயையும் நூலாலோ துணி கிளிப்பாலோ கட்டி, விரியும் நேரத்தில் அவிழ்த்துத் தேய்த்து, பெண் பூவை மறுபடி கட்டிவிட வேண்டும். கலப்பின் விளைவு அடுத்த தலைமுறைச் செடியில்தான் தெரியும், இந்தக் காயின் சதையில் தெரியாது. பாகலுக்குப் பக்கத்தில் நட்டதால் சுரை கசக்கிறது என்று சொல்வதில் உண்மை இல்லை. இரண்டும் கலக்கவே கலக்காது. சுரை கசப்பது குக்கர்பிட்டாசின் என்ற நஞ்சால். கசக்கும் சுரைக்காயை ஒரு துண்டு சுவைத்ததுமே துப்பிவிட்டுக் கொட்டிவிடுங்கள், சாறு எடுத்துக் குடித்தால் மருத்துவமனைக்குப் போக நேரும்.

பேட்டரி அதிர்வான்

தக்காளிப் பூவில் ஆணும் பெண்ணும் ஒரே பூவுக்குள் இருக்கின்றன. ஐந்தாறு மகரந்தப்பைகள் ஒட்டி ஒரு மஞ்சள் கூம்பாகி, சூலகமுடி அதற்குள்ளே மறைந்திருக்கும். தூள் கூம்பின் உள்பக்கம்தான் கொட்டும். கத்தரியில் பையின் நுனியில் குண்டூசித் தலையைவிடச் சின்னத் துளை. உப்புக் குப்பி போலக் குலுக்கினால்தான் தூள் வெளியே வரும். இந்தக் குலுக்கலைச் செய்யத் தெரிந்தவை கருநீலமாகப் பறந்து மரத்தைத் துளைக்கும் தச்சுத் தேனீயும், வயிற்றில் நீலப் பட்டை போட்ட தேனீயும். பூவைக் கவ்விக்கொண்டு சிறகை மடித்து மார்புத் தசையை மட்டும் அதிரவிடும். அந்த ரீங்காரத்தைப் பக்கத்தில் நின்றால் காதால் கேட்கலாம். பெட்டியில் வளர்க்கும் இந்தியத் தேனீக்கு இந்த வித்தை தெரியாது. தக்காளிக்கும் கத்தரிக்கும் என்று தேனீப் பெட்டி வாங்குவது ஏன் வீண் என்பதற்கு வேறு காரணம் வேண்டியதில்லை.

இந்த இடத்தில் அதிர்வுக் கருவி நியாயமான பொருள். ஆனால் ‘பாலினேட்டர்’ என்று தனிப்பெயரில் விற்பதற்கும் பேட்டரி டூத்பிரஷ்ஷுக்கும் உள்ளே இருக்கும் மோட்டாரில் பெரிய வேறுபாடு இல்லை. இருநூறு முந்நூறு ரூபாய் டூத்பிரஷ் இந்த வேலையைச் செய்யும். வாங்கும்போது தலை சுழலும் வகையை விட்டுவிட்டு, சன்னமாக அதிரும் ‘சோனிக்’ வகையை எடுங்கள். நிமிடத்துக்கு 31,000 அசைவு என்று அட்டையில் போட்டிருந்தால், போவதும் வருவதும் சேர்ந்து ஒரு சுற்று என்ற கணக்கில் நொடிக்கு ஏறக்குறைய 260 சுற்று. தச்சுத் தேனீ வகைகள் பூவில் எழுப்பும் அதிர்வும் சில நூறு என்ற இந்த வட்டத்துக்குள்தான்.

பிரஷ் நாரைப் பூவில் தேய்க்கக் கூடாது. தலையின் பின்பக்கத்தைப் பூங்கொத்தின் காம்பில், பூவுக்குச் சற்று மேலே வைத்து ஒன்றிரண்டு நொடி. காலை 10 மணிக்குமேல் பனி உலர்ந்தபின், மதியம் 2 மணிக்குள். இரண்டு நாளைக்கு ஒரு முறை போதும். வேலை நடக்கிறதா என்று பார்க்க, அணைத்துவைத்த கைபேசியின் கறுப்புத் திரையைப் பூவுக்குக் கீழே பிடியுங்கள். மஞ்சள் தூள் படிந்தால் சரி. மழைநாளில் தூள் ஈரத்தில் கட்டிதட்டி விழாது, அன்று வேலையை ஒத்திப் போடலாம்.

இனி, எந்தக் கருவியாலும் ஆகாத இரண்டு நிலைகள். சித்திரை, வைகாசியில் சென்னையிலோ வேலூரிலோ பகல் 35 டிகிரியைத் தாண்டி இரவும் 25க்குக் கீழே இறங்காதபோது தக்காளியின் மகரந்தம் செடியிலேயே மலடாகிவிடும். சூலகமுடியைத் தாங்கும் சூலகத்தண்டு நீண்டு கூம்புக்கு வெளியே எட்டிப் பார்க்கும். அதிரவைத்தாலும் உள்ளே உயிருள்ள தூள் இருக்காது. நிழல்வலை கட்டலாம், இல்லையேல் ஆடி கழியும்வரை பொறுக்கலாம். கத்தரியில் வேறு சங்கதி: ஒரே செடியில் சூலகத்தண்டு நீண்ட பூ, நடுத்தரப் பூ, குட்டைப் பூ என்று வகை இருக்கும். மஞ்சள் கூம்புக்கு வெளியே பச்சை முனை தலைநீட்டினால் அது காய்க்கும் பூ. முனை உள்ளே புதைந்திருந்தால் அது உதிரும், அதிர்வு கொடுத்தும் பயனில்லை. தக்காளியில் வெளியே நீட்டினால் கெடுதல், கத்தரியில் வெளியே நீட்டினால் நல்லது. இதை மாற்றிப் போட்டுக் குழப்பிக்கொள்ள வேண்டாம்.

மிளகாய்க்குக் காற்றில் செடி ஆடினாலே போதும். அவரை, பயறு, பட்டாணி பூ விரியுமுன்பே தன் வேலையை முடித்துவிடும். இவற்றுக்காக எதையும் வாங்காதீர்கள்.

குப்பி மருந்து

பெரும்பாலான குப்பிகளில் இருப்பது 4.5 சதவீத நாப்தலீன் அசிட்டிக் அமிலம். தாவர வளர்ச்சி ஊக்கி வகை. இது மகரந்தத்தைக் கொண்டு போகாது. செடி தன் பூவையும் பிஞ்சையும் காம்பில் வெட்டிவிடும் செயலைத் தள்ளிப்போடும், அவ்வளவுதான். வெப்பத்தாலும் தண்ணீர் ஏற்ற இறக்கத்தாலும் உதிரும் பூவுக்கு ஓரளவு பலன் தெரியும். பெண் பூவில் தூளே படாத சுரைக்கொடிக்கு இதைத் தெளித்து என்ன ஆகப் போகிறது!

அளவில்தான் ஆபத்து. 1 மில்லியில் 45 மில்லிகிராம் மருந்து, 4.5 லிட்டர் தண்ணீரில் கலந்தால் 10 பிபிஎம், அதாவது லிட்டருக்கு 10 மில்லிகிராம். மாடித்தோட்டக்காரர் கையில் இருப்பது ஒரு லிட்டர் தெளிப்பான். “ஒரு மூடி ஊத்துங்க” என்று கடையில் சொல்வதைக் கேட்டால் மூடி கொள்வது 5 மில்லி, ஆக 225 பிபிஎம். இலை சுருண்டு முறுக்கும். பழத்தோட்டங்களில் அதிகமாகப் பிடித்த பிஞ்சைக் கழிக்கவும் இதே மருந்தைத்தான் பயன்படுத்துகிறார்கள் என்று சொன்னால் அளவின் அருமை புரியும். ஊசி இல்லாத 1 மில்லி சிரிஞ்சு ஒன்றை மருந்துக்கடையில் வாங்கி, லிட்டருக்கு 0.2 மில்லி என்று அளந்து, மாலையில் தெளியுங்கள்.

தேமோர் கரைசலும் பெருங்காயம் கரைத்த புளித்த மோரும் செடிக்கு ஊட்டம் என்ற அளவில் நல்லவை. அவையும் தூள் சுமப்பதில்லை. குப்பி மருந்தானாலும் மோரானாலும் வேப்பெண்ணெயானாலும் காலையில் விரிந்த பூவின்மேல் தெளித்தால் தூள் நனைந்து கெடும், வருகிற தேனீயும் திரும்பிப் போகும். காசு கொடுத்துப் பிஞ்சைக் கெடுத்துக்கொண்ட கதையாகிவிடும்.

போரான் நுண்ணூட்டத்தை இந்தக் குப்பிகளோடு சேர்த்துக் குழப்புகிறார்கள். மகரந்தக் குழாய் வளரப் போரான் தேவை என்பது சரிதான். தென்னைநார்க் கலவையில் மாதக்கணக்கில் வெறும் தண்ணீர் ஊற்றி வளர்த்த செடிக்குப் பற்றாக்குறை வரலாம். லிட்டருக்கு 1 கிராம் போரிக் அமிலம், மொட்டு விடும்போது ஒரு தடவை. அதைத் தாண்டினால் இலை விளிம்பு கருகும். குறைவுக்கும் மிகுதிக்கும் இடைவெளி மிகக் குறுகிய சத்து இது.

கொசுத்தேனீப் பெட்டி

வாங்க வேண்டும் என்று தீர்மானித்துவிட்டால் மாடிக்கு ஏற்றது இதுதான். 4 மில்லிமீட்டர் நீளம், கொட்டாது, பிள்ளைகள் இருக்கும் வீட்டில் பயமில்லை. ஒரு ஷூ பெட்டியைவிடச் சிறிய மரப்பெட்டியில் குடும்பமே அடங்கும். சில நூறு மீட்டருக்குள்ளேயே மேயும், அதனால் நம் செடிக்கு வருகை அதிகம். மா, எலுமிச்சை, வெள்ளரி, முருங்கை, விதைக்கு விட்ட கொத்தமல்லி, வெங்காயம் ஆகியவற்றில் நன்றாக வேலை செய்யும். பூசணி போன்ற அகன்ற பூவில் தூளை அள்ளிக்கொண்டு சூலகமுடியைத் தொடாமலே போகவும் கூடும். தக்காளி, கத்தரிக்கு அதிர்வு கொடுக்க இதற்கும் தெரியாது. மாலைக்குமேல் வேலை செய்யாது, ஆகவே சுரை, புடலைக்கும் இதை நம்ப முடியாது.

வாங்குமுன் வாசலைக் கவனியுங்கள். பிசினால் கட்டிய குட்டிக் குழாய் நீட்டிக்கொண்டிருக்கும். அதில் எந்நேரமும் நாலைந்து காவல் தேனீக்கள் எட்டிப் பார்க்க வேண்டும். காலை வெயில் ஏறியபின் பத்து நிமிடம் நின்று பார்த்தால், பின்னங்காலில் மஞ்சள் உருண்டையோடு திரும்புபவை தென்பட வேண்டும். தூள் சுமந்து வருகிறது என்றால் உள்ளே புழு வளர்கிறது, ராணி இருக்கிறது. கண்ணாடி மூடி போட்ட பெட்டி பார்க்க அழகு. வெயில் படும் மாடியில் உள்ளே மெழுகு இளகும். முக்கால் அங்குலத்துக்குக் குறையாத பலகை, மேலே நிழல், காலை வெயில் மட்டும் படும் சுவர் ஓரம். பெட்டி நிற்கும் தாங்கியின் கால்களைத் தண்ணீர்க் கிண்ணத்தில் நிறுத்தினால் எறும்பு ஏறாது. பல்லியும் சிலந்தியும் வாசலிலேயே காத்திருந்து பிடிக்கும், வாரம் ஒருமுறை வலையைத் துடைத்துவிட வேண்டும். ஆவலில் அடிக்கடி திறப்பதுதான் பெட்டி சாவதற்குப் பெரிய காரணம். தேன் கிடைக்கும் என்று சொல்லி விற்பார்கள். வருடத்துக்கு ஒரு சிறு குப்பி வந்தால் பெரிது, அதையும் எடுக்காமல் விடுவது குடும்பத்துக்கு நல்லது.

இந்தியத் தேனீப் பெட்டி

திருச்சி செயின்ட் ஜோசப் கல்லூரியின் பாதிரியார் நியூட்டன் 1911-17 காலத்தில் நம் ஊர்த் தேனீயின் அளவுக்கென வடிவமைத்த பெட்டி இன்றும் அவர் பெயரில் வழங்குகிறது. கன்னியாகுமரி மாவட்டத்தின் மார்த்தாண்டம் வட்டாரத்தில் இதையொத்த சிறிய பெட்டிகளை வைத்தே ஒரு தொழில் வளர்ந்தது. ரப்பர் மரம் துளிர்க்கும் பருவத்தில் இலைக்காம்பில் ஊறும் தேன்தான் அங்கே முதல். 1991-92இல் தாய் சாக்புரூட் வைரஸ் தென்னிந்தியாவில் பரவி ஏராளமான குடும்பங்களை அழித்தது. புழுப் பருவத்திலேயே தேனீ பை போல ஊதிச் சாகும் நோய் அது. இன்றும் கூட்டை வாங்கும்போது அடை கட்டியிருக்கும் சட்டத்தைத் தூக்கிப் பார்த்து, மூடாத அறைகளில் புழு முத்துப்போல வெள்ளையாகச் சுருண்டு கிடக்கிறதா என்று பார்ப்பது அதனால்தான். தலை நிமிர்ந்து மஞ்சளித்துக் கிடந்தால் அந்தக் கூடு வேண்டாம்.

தென்னந்தோப்பு, சூரியகாந்தி வயல், ஏலத் தோட்டம் வைத்திருப்பவருக்கு இது முதல்தரமான முதலீடு. சூரியகாந்தித் தலையில் ஒவ்வொரு குட்டிப் பூவும் முதலில் தூளைத் தள்ளிவிட்டுப் பிறகுதான் சூலகமுடியை விரிக்கும். தேனீ நடந்து திரிந்தால்தான் நடுவரை விதை பிடிக்கும், இல்லையேல் பதர். ஆனால் இருபது தொட்டி உள்ள மாடிக்கு இதைப் பரிந்துரைக்க மாட்டேன். ஆயிரக்கணக்கான வாய்களுக்கு இருபது தொட்டிப் பூ எந்த மூலைக்கு? அவை ஒரு கிலோமீட்டர் சுற்றளவில் வேம்பையும் புங்கையும் புளியையும் தேடிப் போகும், நம் பாகல் பூவை ஏறெடுத்தும் பார்க்காது. இரை குறைந்தாலும் எறும்பு, மெழுகு அந்துப்பூச்சி தொல்லை வந்தாலும் கான்கிரீட் தளம் கொதித்தாலும் கூடு முழுக்க ஒரு நாள் கிளம்பிப் போய்விடும். அந்த இனத்தின் சுபாவம் அது. பத்து நாளுக்கு ஒருமுறை சட்டம் தூக்கிப் பார்க்கவும், பஞ்ச காலத்தில் ஒரு பங்கு சர்க்கரைக்கு ஒரு பங்கு தண்ணீர் கலந்து பாகு வைக்கவும், துணி காயப்போட வரும் பக்கத்து வீட்டு அம்மாவுக்குச் சமாதானம் சொல்லவும் தயாராக இருப்பவர் வாங்கலாம்.

பெட்டிக்குச் செலவிடும் பணத்தில் ஐந்து ரூபாய்க்குத் துளசி நாற்று வாங்கிப் பூக்கவிட்டுப் பாருங்கள். முருங்கைக் கிளையில் ஒற்றை அடை கட்டும் கொம்புத் தேனீயும், எங்கோ சுவர்ப் பொந்தில் இருக்கும் கொசுத்தேனீயும் தானே தேடி வரும். தும்பை, விதைக்கு விட்ட கொத்தமல்லி, ஒன்றிரண்டு சூரியகாந்தி, கூழாங்கல் போட்டுத் தண்ணீர் ஊற்றிய தட்டு ஒன்று. பூச்சி வராமலிருக்க 40 மெஷ் வலையால் தோட்டத்தையே மூடிவிட்டு, உள்ளே பூசணி காய்க்கவில்லை என்று புலம்புகிறவர்கள், பூக்கும் மாதத்தில் காலை இரண்டு மணி நேரம் வலையைச் சுருட்டி வைத்தாலே பாதி வேலை முடிந்தது. வலைக்குள்தான் வளர்க்க வேண்டும் என்றால் வெள்ளரியில் மகரந்தமே இல்லாமல் காய்க்கும் பசுமைக்குடில் ரகம் விற்கிறது. விதை விலை அதிகம், ஆனால் அதற்கு எந்தக் கருவியும் வேண்டாம்.

வெனிலா வளர்ப்பவர்களுக்கு ஒரு சேதி மிச்சம் இருக்கிறது. இணையத்தில் வளைந்த எஃகு முனையோடு ‘வெனிலா ஊசி’ விற்கிறார்கள். 1841இல் ரீயூனியன் தீவில் எட்மண்ட் அல்பியஸ் என்ற பன்னிரண்டு வயது அடிமைச் சிறுவன் கண்டுபிடித்த முறைக்குத் தேவைப்பட்டது ஒரு மெல்லிய குச்சியும் கட்டைவிரலும்தான். மெக்சிகோவுக்கு வெளியே வெனிலா பெரும் பயிராக ஆனதே அந்தக் குச்சியால். பூ விரிந்த அன்று காலையிலேயே, நடுத்தண்டை மூடியிருக்கும் இதழ்க் குழலைக் கிழித்து, ஆணுக்கும் பெண்ணுக்கும் நடுவே தடுப்பாக நிற்கும் மெல்லிய மடலைக் குச்சியால் மேலே தூக்கி, கட்டைவிரலால் மகரந்தத் திரளைக் கீழே அழுத்திவிட்டால் முடிந்தது. ஒட்டியிருந்தால் பூ மறுநாளைக்குள் விழாமல் வாடி நிற்கும். விழுந்துவிட்டால் அடுத்த பூவுக்குக் காத்திருக்க வேண்டும். பல்குச்சி டப்பா இருபது ரூபாய்க்குள் கிடைக்கும், முனையை மட்டும் தேய்த்து மழுக்கிக்கொள்ளுங்கள்.